சீட்டு கொண்டா, ஆயா

"இது நல்ல மாத்திரை இல்ல ஆயா. உடம்பைக் கெடுத்துடும். இனிமே போடாதே."

நான் சொன்னது இவ்வளவுதான். இதில் எதுவும் பொய் இல்லை என்று இன்றைக்கும் என்னால் வாதாட முடியும். ராத்திரி ஷட்டரை இறக்கிவிட்டு வண்டியில் வீட்டுக்குப் போகும்போது, யாரும் கேட்காமலே வாதாடிக்கொண்டும் இருக்கிறேன்.

குடியாத்தம் பக்கம் மெடிக்கலில் நிற்பவர்களுக்கு இந்த ஆயாவைத் தனியாக அறிமுகப்படுத்த வேண்டாம். எல்லாக் கடையிலும் ஒரு ஆயா உண்டு. காலி அட்டையை நீட்டி "இதுல பத்து குடு நைனா" என்று கேட்கும். எங்கள் ஆயா பீடி சுற்றுகிறது. ரெண்டு வருஷத்துக்கு முன்னால் விரல் மூட்டெல்லாம் வீங்கியபோது யாரோ ஒரு டாக்டர் பத்து நாளைக்கு எழுதிக் கொடுத்த ப்ரெட்னிசலோன் என்ற ஸ்டீராய்டு, 5 மி.கி. மாத்திரை. அந்தச் சீட்டு எப்போதோ தொலைந்துவிட்டது. அப்புறம் அட்டைதான் சீட்டு. காலையில் ஒன்று, ராத்திரி ஒன்று, பீடிக் கணக்கு மாதிரி தவறாமல். மாத்திரை போட்டால் ஒரு நாளைக்கு எண்ணூறு பீடி. போடாவிட்டால் இருநூறு தாண்டாது என்று ஆயாவே சொல்லியிருக்கிறது. ஒரு நாள் மாத்திரையின் விலை ஒரு டீயை விடக் குறைவு. அந்தக் கணக்கை எந்தப் புத்தகத்தைக் காட்டியும் தோற்கடிக்க முடியாது.

தெருவில் எல்லோரும் ஆயா தேறிவிட்டதாகப் பேசிக்கொண்டார்கள். முகம் உருண்டையாகி, கன்னம் பூசினாற்போல் ஆகியிருந்தது. நல்லா சாப்பிடுகிறது என்றார்கள். அது தேறுதல் இல்லை என்று எனக்குத் தெரியும். ஸ்டீராய்டு பசியைக் கிளப்பும், கொழுப்பைக் கை காலில் இருந்து முகத்துக்கும் கழுத்துக்கும் இடம் மாற்றும், சர்க்கரையையும் பிரஷரையும் ஏற்றும், எலும்பை அரிக்கும், கண்ணில் புரை வளர்க்கும். மருந்தாளுநர் படிப்பான டி.ஃபார்மில் மனப்பாடம் செய்த வரிசை. ஒரு தடவை சில்லறை எண்ணும்போது கண்ணாடி கவுன்டரின் ஓரம் ஆயாவின் முழங்கைக்குக் கீழே லேசாகப் பட்டது. வெங்காயத் தோல் மாதிரி தோல் அப்படியே சுருண்டு வந்துவிட்டது. ஆயா எச்சில் தொட்டுத் தடவிவிட்டு எண்ணிக்கையைத் தொடர்ந்தது. கையெல்லாம் நாவல்பழம் நசுக்கினாற்போல் கறைகள். நான் பஞ்சு எடுத்துக் கொடுத்தேன். பத்து மாத்திரையும் கொடுத்தேன்.

மறுவாரம்தான் அந்த வார்த்தையைச் சொன்னேன். அந்தக் கையைப் பார்த்ததால்தான் சொன்னேன் என்று ரொம்ப நாள் நம்பிக்கொண்டிருந்தேன்.

ஆனால் அன்றைக்குக் காலை பத்து மணிக்கு முதலாளி போன் செய்திருந்தார். மருந்துக் கடைகளைச் சோதிக்கும் இன்ஸ்பெக்டர் பேர்ணாம்பட்டு பக்கம் வந்திருக்கிறாராம். ஷெட்யூல் எச் மருந்து, அதாவது டாக்டர் சீட்டுக்குத்தான் கொடுக்க வேண்டிய மருந்து எதையும் ரெண்டு நாளைக்குச் சீட்டில்லாமல் கொடுக்காதே என்றார். ஆயா வந்தது பதினொன்றுக்கு. இந்த ஒரு மணி நேரத்தைத்தான் நான் திரும்பத் திரும்பப் பிரித்துப் பார்க்கிறேன். போன் வராமல் இருந்திருந்தால் சொல்லியிருப்பேனா?

"இன்னாபா, போன வாரம் வரிக்கும் குடுத்தே, இன்னிக்கு இன்னா புச்சா சட்டம் பேசறே?"

"சீட்டு கொண்டா ஆயா, குடுக்கறேன்."

"சீட்டுக்கு நான் எங்க போவேன்? ஆஸ்பத்திரில போய்க் குந்தினா ஒரு நாள் கூலி போச்சு."

அதற்குப் பதில் என்னிடம் இல்லை. பதில் இல்லாததால்தான் மருந்து நல்லதில்லை என்று ஆரம்பித்தேன். சட்டத்தைச் சொல்லி அனுப்புவதை விட அக்கறையைச் சொல்லி அனுப்புவது சுலபமாக இருந்தது. ஆயா கொஞ்ச நேரம் என் முகத்தைப் பார்த்தது. "நீ சொன்னா சரி நைனா" என்று போய்விட்டது. கத்திச் சண்டை போட்டிருந்தால் தேவலை.

சொல்லாமல் விட்டது ஒரே வரி: திடீரென்று நிறுத்தாதே. இது பரீட்சையில் வந்த கேள்வி, நல்ல மார்க்கும் வாங்கினேன். சிறுநீரகத்தின் தலையில் குல்லாய் மாதிரி ஆளுக்கொன்றாக ரெண்டு சுரப்பிகள் இருக்கின்றன. ஒவ்வொன்றும் சில கிராம்தான். அவை தினமும் சுரக்கும் கார்ட்டிசாலை, உடம்பின் சொந்த ஸ்டீராய்டை, மாத்திரைக் கணக்கில் சொன்னால் ஏறக்குறைய 5 மி.கி. ப்ரெட்னிசலோன். ஆயா போட்டுக்கொண்டிருந்தது அதைப் போல ரெண்டு மடங்கு, அதுவும் ரெண்டு வருஷமாக. வெளியிலிருந்து நெய்த லுங்கி கட்டுக்கட்டாக வந்து இறங்கினால் இங்கே யார் தறி ஓட்டுவார்கள்? மூளை ஆர்டர் போடுவதை நிறுத்திவிடும், சுரப்பி சுருங்கிவிடும். வெளிச்சரக்கை ஒரே நாளில் நிறுத்தினால் மறுநாளே தறி ஓடாது. பழையபடி ஓட மாதங்கள் ஆகும். அதனால்தான் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைக்க வேண்டும். மூன்று வாரத்துக்கு மேல் போட்டவர்களுக்கே இந்த எச்சரிக்கை உண்டு.

மூன்றாம் நாள் பேத்தி வந்தாள். "அண்ணா, ஆயாவுக்கு ஒரே வாந்தி, எழுந்தா தலை சுத்துதாம்." வாந்தி மாத்திரையும் ரெண்டு ஓஆர்எஸ் பாக்கெட்டும் கொடுத்தேன். வெயில் காலம், பாதிப் பேர் அதைத்தான் கேட்டு வந்தார்கள். இது சமாதானமா காரணமா என்று எனக்கே பிடிபடவில்லை. ஆயா என்ற சொல் காதில் விழுந்தது, மண்டையில் ஏறவில்லை.

ஐந்தாம் நாள் காலையில் அரசு ஆஸ்பத்திரியிலிருந்து அந்தப் பெண்ணே போன் செய்தாள். ஆயாவுக்குப் பேச்சு குழறுகிறதாம், பிரஷர் கிடைக்கவில்லையாம், டாக்டர் கேட்கச் சொன்னாராம்: ஆயா ஏதாவது ஸ்டீராய்டு மாத்திரை போட்டுக்கொண்டிருந்ததா?

நான் உடனே சொல்லிவிட்டேன் என்றுதான் மற்றவர்களிடம் சொல்வது. உடனே சொல்லவில்லை. சீட்டில்லாமல் ரெண்டு வருஷம் கொடுத்தது யார் என்று அடுத்த கேள்வி வருமே என்று ஒரு மூச்சு நேரம் நின்றேன். கல்லாவில் யாரோ தலைவலித் தைலம் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அப்புறம்தான் பெயர், அளவு, எத்தனை நாள், எந்தக் கிழமை நிறுத்தியது எல்லாம் சொன்னேன். ஹைட்ரோகார்ட்டிசோன் ஊசியும் சலைனும் ஏறி, மறுநாள் ஆயா எழுந்து உட்கார்ந்து காபி கேட்டதாம். கெடுதல் என்று நான் சொன்ன அதே சாதிச் சரக்குதான் ஊசியில் போய் உயிரைப் பிடித்து நிறுத்தியது.

1948இல் அமெரிக்காவில் மேயோ கிளினிக்கில் பிலிப் ஹென்ச் என்ற டாக்டர், மூட்டுவாதத்தில் படுத்துக் கிடந்த ஒரு பெண்ணுக்கு கார்ட்டிசோன் என்ற ஸ்டீராய்டு ஊசி போட்டார். சில நாளில் அந்தப் பெண் எழுந்து நடந்தாள். 1950இல் அவருக்கும் கெண்டல், ரைக்ஸ்டைன் இருவருக்கும் நோபல் பரிசு. அதற்குள்ளேயே உருண்டை முகமும் மற்றதும் தெரிய ஆரம்பித்துவிட்டன. படிக்கிற காலத்தில் இது ஒரு தேதி. இப்போது நினைத்தால், விரல் வலியில்லாமல் மடங்கிய முதல் நாள் அந்தப் பெண்ணும் எங்கள் ஆயாவும் ஒரே மாதிரிதான் சிரித்திருப்பார்கள் என்று தோன்றுகிறது.

கொரோனாவில் 2020 ஜூனில், ஆக்சிஜன் தேவைப்படும் நோயாளிகளின் உயிரைக் காக்கிறது என்று டெக்சாமெத்தசோன் என்ற ஸ்டீராய்டைப் பற்றிச் செய்தி வந்ததும், சளி பிடித்தவர்கள்கூட அட்டை கேட்டு வந்தார்கள். மறுவருஷம் கறுப்புப் பூஞ்சை பயம் வந்தது. சர்க்கரை உள்ளவர்கள் ஸ்டீராய்டை இஷ்டத்துக்குப் போட்டதும் அதற்கு ஒரு காரணம். சரி, அப்படியானால் பயமுறுத்தி வைப்பதுதான் நல்லதா? ஆயா ஆஸ்பத்திரியில் இருந்த அதே வாரம், ஆஸ்துமா பையனுடைய அம்மா ஒருத்தர் இன்ஹேலரைத் திருப்பிக் கொண்டுவந்தார். இதில் ஸ்டீராய்டு இருக்கிறதாமே, வேண்டாம் என்றார். அதில் ஒரு தடவை உறிஞ்சினால் போவது 200 மைக்ரோகிராம், மில்லிகிராமில் ஐந்தில் ஒரு பங்கு, அதுவும் நேராக மூச்சுக்குழாய்க்கு. உறிஞ்சிய பிறகு வாயைக் கொப்பளித்தால் போதும் என்று கால் மணி நேரம் பேசினேன். பேசிக்கொண்டே, இந்தக் கால் மணி நேரத்தை ஆயாவுக்குக் கொடுக்கவில்லையே என்று நினைத்தேன். அப்போது கடையில் கூட்டம் இல்லை. ஆயா வந்தபோதும் கூட்டம் இல்லை.

டிஸ்சார்ஜ் ஆன பிறகு ஆயா சீட்டோடு வந்தது. மூட்டுவாதத்துக்கு வாரத்துக்கு ஒரே நாள் போட வேண்டிய மெத்தோட்ரெக்சேட், கால்சியம், கூடவே ப்ரெட்னிசலோன். காலையில் மட்டும், மாதாமாதம் வந்து குறைத்துக்கொள்ளச் சொல்லி எழுதியிருந்தார்கள். அட்டையைப் பார்த்ததும் ஆயாவுக்கு அடையாளம் தெரிந்துவிட்டது.

"இதத்தானே அன்னிக்குக் கேட்டேன்?"

கோபமே இல்லாமல்தான் கேட்டது. மெத்தோட்ரெக்சேட் அட்டையில் பேனாவால் 'ஞாயிறு' என்று பெரிதாக எழுதிக் கொடுத்தேன். ப்ரெட்னிசலோனை நாமாக நிறுத்தக் கூடாது என்று மூன்று தடவை சொன்னேன். "போடாதேன்னியே?" என்றது. ஆமாம் என்றேன். வேறென்ன சொல்வது?

முதலாளி இப்போதெல்லாம் சீட்டில்லாமல் கொடுக்கவே கூடாது என்கிறார். நியாயம்தான், நானும் தலையாட்டுகிறேன். போன புதன்கிழமை நெல்லூர்பேட்டையிலிருந்து ஒரு பெரியவர் வந்தார். இடுப்பு வலிக்கு யாரோ பொட்டலம் கட்டிக் கொடுத்த வெள்ளை மாத்திரை, ஒரு வருஷமாக. காலி அட்டை ஒன்றையும் எப்படியோ வாங்கி வைத்திருந்தார். டெக்சாமெத்தசோன். கடைசி மாத்திரை நேற்றே தீர்ந்துவிட்டதாம். அவர் முகமும் உருண்டைதான்.

நிறுத்தாதீங்க, நாளைக்கே பெரிய டாக்டரைப் பாருங்க, இந்த அட்டையைக் காட்டுங்க என்றேன். சரி சரி என்றார். போக மாட்டார் என்று அந்தச் சரியிலேயே தெரிந்தது. கத்தரியை எடுத்து நாலு மாத்திரையை வெட்டிக் கொடுத்தேன். பில் போடவில்லை.