ஒரே வினாத்தாள் போதுமா?

பொதுத் தேர்வுகளைப் பற்றி விவாதம் எழும்போதெல்லாம், எல்லோருக்கும் ஒரே வினாத்தாள், ஒரே கால அளவு, மாணவரின் பெயரறியாத் திருத்துநர் என்றிருக்க, இதைவிட நடுநிலையான முறை வேறென்ன இருக்க முடியும் என்று யாராவது கேட்பார்கள். அந்தக் கேள்வியில் நியாயம் இருக்கிறது. ஆசிரியரின் விருப்பு வெறுப்பும் குடும்பத்தின் செல்வாக்கும் மதிப்பெண்ணில் கலந்துவிடாமல் தடுக்க இதைவிட எளிய வழி எனக்குத் தெரியவில்லை. ஆயினும் அது தேர்வு நடத்தப்படும் விதத்தைப் பற்றியது மட்டுமே. தாள் உண்மையில் எதை அளக்கிறது, அந்த மதிப்பெண்ணைக் கொண்டு யாருக்கு எந்தக் கதவை அடைக்கிறோம் என்பவை வேறு கேள்விகள்.

முதல் உலகப் போரின்போது அமெரிக்க ராணுவம் சுமார் 17 லட்சம் பேருக்கு நுண்ணறிவுத் தேர்வு நடத்தியது. அதில் கிரிஸ்கோ என்பது மருந்தா, கிருமிநாசினியா, பற்பசையா, உணவுப் பொருளா என்றொரு வினா இருந்தது. கிரிஸ்கோ அந்நாட்டில் விற்பனையான ஒரு சமையல் கொழுப்பின் வணிகப் பெயர். அண்மையில் குடியேறியவருக்கு அது தெரியாவிட்டால் அவருடைய அறிவில் குறை என்று கணக்கானது. இந்த மதிப்பெண்களை ஆதாரமாக்கி, அறிவு இனத்துக்கு இனம் வேறுபடுகிறது என்று 1923இல் கார்ல் பிரிகாம் என்ற உளவியலாளர் நூல் எழுதினார். நெடுங்காலம் அந்நாட்டில் வாழ்ந்த குடியேறிகள் புதிதாக வந்தவர்களைவிட அதிக மதிப்பெண் பெற்றிருந்ததை அவருடைய தரவே காட்டியது. மொழியும் பழக்கமும் கூடியதன் விளைவு அது என்று கொள்ளாமல், பின்னால் வந்தவர்களின் தரம் தாழ்ந்துவிட்டது என்று அவர் பொருள்கொண்டார். 1926இல் முதன்முதலாக நடந்த, அமெரிக்கக் கல்லூரிச் சேர்க்கைக்கான எஸ்.ஏ.டி. தேர்வை உருவாக்கியதில் முதன்மைப் பங்கும் அவருடையதே. 1930இல் தம் பழைய முடிவுகளுக்கு அடிப்படை இல்லை என்று அவரே எழுதி அவற்றைக் கைவிட்டார் என்பதையும் சொல்லியாக வேண்டும்.

இன்று அத்தகைய வினாக்கள் அவ்வளவு எளிதில் தப்பிவிடுவதில்லை. மொத்த மதிப்பெண் சமமாக உள்ள இரு பிரிவு மாணவர்களை எடுத்துக்கொண்டு, ஒவ்வொரு வினாவுக்கும் எந்தப் பிரிவில் எத்தனை பேர் சரியான விடை அளித்தார்கள் என்று ஒப்பிடும் புள்ளியியல் முறை 1980களின் பிற்பகுதியிலிருந்து பெரிய தேர்வு நிறுவனங்களில் நடைமுறையில் உள்ளது. சமமான திறனுடையவர்கள் ஒரு வினாவில் மட்டும் பிரிந்து நின்றால், அந்த வினா நிபுணர் குழுவின் பார்வைக்குச் செல்கிறது. துடுப்பு வீரரையும் படகுப் பந்தயத்தையும் தொடர்புபடுத்தக் கேட்ட பழைய எஸ்.ஏ.டி. வினா, வசதியான வீட்டுப் பிள்ளைகளுக்கே சாதகமானது என்று பல ஆண்டுகள் மேற்கோள் காட்டப்பட்டது. (அந்த ஒப்புமை வினா வகையே 2005இல் நீக்கப்பட்டது.)

இந்தச் சோதனையைக் குறைத்து மதிப்பிட மாட்டேன். ஆனால் அதன் எல்லையை அறிந்துகொள்ள வேண்டும். இரு மாணவர்கள் சமமான திறனுடையவர்கள் என்று முடிவு செய்வதற்கே அதே தாளின் மொத்த மதிப்பெண்தான் பயன்படுகிறது. அளவுகோலே தேய்ந்திருந்தால், அதைக் கொண்டு அதன் ஓர் அங்குலத்தைச் சரிபார்த்துப் பயனில்லை. கணிதத் தாளின் எல்லாக் கணக்குகளும் நீண்ட கதை வடிவில் அமைந்திருந்தால், தாய்மொழி அல்லாத மொழியில் படிக்கும் மாணவி ஒவ்வொன்றிலும் சிறிது நேரத்தை இழக்கிறாள். இழப்பு எல்லா வினாக்களிலும் பரவிவிடுவதால் எந்த ஒரு வினாவும் தனித்துக் குற்றவாளியாகத் தெரிவதில்லை. தாள் சோதனையில் தேறிவிடுகிறது, அவளோ கணிதத்தில் பலவீனமானவள் என்று பெயர் வாங்குகிறாள்.

இதைவிடச் சிக்கலானது நியாயம் என்பதன் வரையறை. மதிப்பெண் எல்லாப் பிரிவினரின் பிற்காலத் தேர்ச்சியையும் ஒரே விதமாகக் கணித்தால் தேர்வு நியாயமானது என்ற வரையறையை 1968இல் கல்வி அளவியல் ஆய்வாளர் ஆன் கிளியரி முன்வைத்தார். 1971இல் உளவியலாளர் ராபர்ட் தார்ன்டைக் அதிலுள்ள இடரைக் காட்டினார்: சராசரி குறைந்த பிரிவில் வாய்ப்புக் கிடைத்தால் வெற்றி பெறக்கூடியவர்களின் விகிதத்துக்கு ஏற்ப அப்பிரிவினர் தேர்ந்தெடுக்கப்படுவதில்லை. பிரிவுகளின் சராசரி வேறுபட்டு, கணிப்பும் முழுமையற்றதாக இருக்கும்வரை கிளியரியின் வரையறையையும் தார்ன்டைக் சுட்டிய விகிதப் பொருத்தத்தையும் ஒருசேர நிறைவேற்றுவது பொதுவாக இயலாது. எதைக் காப்பது, எதை விட்டுக்கொடுப்பது என்பதைக் கணக்கு தீர்மானிக்காது, மனிதர்கள்தான் தீர்மானிக்க வேண்டும்; இந்தத் தீர்மானத்தை யார் எடுத்தார்கள் என்று தேர்வு முடிவுகளின் நாளில் எவரும் கேட்பதில்லை.

அதற்காகத் தேர்வையே ஒழித்துவிடலாம் என்பாரோடு எனக்கு உடன்பாடில்லை. கலிபோர்னியா பல்கலைக்கழகம் எஸ்.ஏ.டி. மதிப்பெண்ணைப் படிப்படியாகக் கைவிட 2020இல் முடிவெடுத்தது, அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகமான எம்.ஐ.டி. 2022இல் அதை மீண்டும் கட்டாயமாக்கியது. உயர்நிலைப் பாடங்கள் கிடைக்காத பள்ளிகளிலிருந்து வரும் திறமையான மாணவர்களை அடையாளம் காண மதிப்பெண் உதவுகிறது என்பது எம்.ஐ.டி.யின் வாதங்களுள் ஒன்று. தேர்வு போனால் அந்த இடத்துக்கு வருபவை கட்டுரைகளும் பரிந்துரைக் கடிதங்களும்; பணம் அவற்றில் இன்னும் எளிதாக வேலை செய்யும்.

நான் கேட்பது சிறியது. பிரிவுவாரியாக ஒவ்வொரு வினாவும் எப்படி நடந்துகொண்டது என்ற விவரத்தைத் தேர்வு வாரியங்கள் வெளியிட வேண்டும். மாணவரின் மதிப்பெண்ணை அவர் படித்த பள்ளியின் சூழலோடு சேர்த்துப் படிக்க வேண்டும். பெரும்பாலானோர் தாளை முடிக்கும் அளவுக்கு நேரம் தர வேண்டும். வேகமும் தாங்கள் அளக்க விரும்பும் திறன்தான் என்று வாரியம் கருதினால், அதை வினாத்தாளின் முதல் பக்கத்திலேயே எழுதிவிடட்டும்.