இனம் எண்டு ஒரு கட்டம்

திருகோணமலையில ஒரு அரச அலுவலகத்தில கவுண்டர்ல இருக்கிறன், பதினொரு வருஷமாச்சு. காலமை கதவு திறக்கேக்க முதல் ஆளா நிக்கிறது கிண்ணியா முஸ்லிம் சனம்தான், 2009ல பாலம் திறக்க முதல் பாதை எண்டு சொல்லுற மிதவையில ஏறிக் கடல் கடந்துதான் வரணும், இப்ப பஸ்ஸில வந்து இறங்கிடுவாங்க. 2012 கணக்கெடுப்புப்படி எங்கட மாவட்டத்தில முஸ்லிம் ஆக்கள் 40 வீதமளவு, தமிழர் 30 சொச்சம், சிங்களவர் 27 அளவில. பாதிக்கு மேல எண்டு ஆரும் இல்ல. ஆனா எல்லாருக்கும் நான் 'மிஸ்'தான்.

2007 ஜூலைக்குப் பிறகு அரச வேலைக்கு வந்தவங்க மற்ற மொழியும் பாஸ் பண்ணணும். அப்பிடித்தான் சிங்களம் படிச்சன், பிறகு படிவத்தில பேரைப் பாத்தே எந்த மொழியில தொடங்கிறதெண்டு முடிவெடுக்கப் பழகிட்டன்.

ஒருநாள் வர்ணகுலசூரிய எண்டு தொடங்கிற நீளப் பேரோட ஒருத்தர் வந்தார். நீர்கொழும்புப் பக்கம், அங்க கடல் கொந்தளிக்கிற மாசங்கள்ல இஞ்ச வந்து கரையில வாடி (குடிசை) போட்டு மீன் பிடிக்கிறவர். நான் சிங்களத்தில கடகடவெண்டு விளங்கப்படுத்த, எல்லாத்தையும் கேட்டுப்போட்டு, "தமிழ்ல சொல்லுங்க மிஸ், எங்கட வீட்டில தமிழ்தானே" எண்டார்.

எனக்கு முகம் சுட்டுப்போச்சு. ஏனெண்டா சின்னனில யாழ்ப்பாணத்துச் சொந்தக்காரர் ஒருத்தர் என்ர கதையைக் கேட்டு, இது முஸ்லிம் ஆக்கள்ட தமிழெல்லோ எண்டு சபையில வச்சுச் சொன்னவர், கிண்ணியாப் பிள்ளைகளோட படிச்சு வளந்தா அப்பிடித்தானே வரும், அதுக்கு எத்தின நாள் அழுதிருப்பன். அதையே நானும் ஒரு மனிசனுக்குச் செய்திட்டனே.

படிவத்தில 'இனம்' எண்ட கட்டத்தில பேனை நிண்டுட்டுது. "சிங்களம் எண்டு போடுங்க மிஸ். பிள்ளைகள் சிங்களத்தில படிக்குது. அம்மா மட்டும் செபம் தமிழ்லதான் சொல்லுவா." அவர் சொன்னபடிதான் எழுதினன். அம்மாட செபத்தை எழுத அதில இடமில்ல.

இப்ப பேரைப் பாக்கிறதில்ல, ஆக்கள் வாய் திறக்கும்வரைக்கும் பாத்திருப்பன், கியூ கொஞ்சம் நீளும்தான், பரவாயில்ல.

போன சீசனுக்கு மகனையும் கூட்டி வந்தார். பெடியனுக்குத் தமிழ் ஒரு சொல்லும் வராது. நாங்க ரெண்டு பேரும் கதைக்கக் கதைக்க, அவர் ஒவ்வொண்டையும் மகனுக்குச் சிங்களத்தில திருப்பிச் சொல்லிக்கொண்டே நிண்டார்.