அடுக்குப் பார்க்காத படம்

மட்டக்களப்பு மாவட்டத்தின் மயிலத்தமடு, மாதவணை மேய்ச்சல் தரைக்காக மாட்டுப் பண்ணையாளர்கள் 2023 செப்டெம்பரில் சித்தாண்டியில் போராட்டத்தைத் தொடங்கியபோது கமராக்களுக்குக் குறைவிருக்கவில்லை. ஆனால் நான் பார்த்த செய்திகளில் பந்தலும் பதாகையும் வந்துபோன அரசியல்வாதிகளும்தான் தெரிந்தார்கள், மாடுகளைக் காணவில்லை.

அந்தக் குறையைத் தீர்க்கவென்று எங்கள் பக்கத்து இளைஞர்கள் சிலர் கைத்தொலைபேசியால் எடுத்துத் தொகுத்த சிறிய ஆவணப்படம் ஒன்றை, வெளியிடுவதற்கு முன்னர், மட்டக்களப்பு வாவிக்கு மேற்கேயுள்ள படுவான்கரைக் கிராமமொன்றின் வாசிகசாலைச் சுவரில் வெள்ளைத் துணி கட்டிக் காட்டினார்கள். காணாமற்போன பசுவைப் பற்றி முதியவர் ஒருவர் பேசிக்கொண்டிருக்க, திரையில் ஒரு பசு மேய்ந்தது. "மனே, அது என்ட மாடில்ல, குறியப் பாரு" என்று அவரே எழுந்து சொன்னார். குடிக்குக் குடி, அதாவது தாய்வழிக் குலத்துக்குக் குலம், மாட்டுக்குறி வேறுபடும் நாட்டில், தொடையில் சுட்டிருந்த குறியை அங்கிருந்தவர்கள் எல்லோரும் வாசித்துவிட்டார்கள். கொழும்பில் காட்டியிருந்தால் அந்தக் காட்சிக்குக் கைதட்டல் கிடைத்திருக்கும்.

படம்பிடிக்கப்பட்டவரே முதற் பார்வையாளர் என்ற முறை புதியதன்று. கனடாவின் ஃபோகோ தீவு மக்களை இடம்பெயர்க்க அரசு எண்ணியிருந்த காலத்தில், 1967இல், அந்நாட்டுத் தேசியத் திரைப்படச் சபை அங்கு எடுத்த குறும்படங்களை முதலில் தீவு மக்களுக்கே காட்டியது. தம்மைப் பற்றிய பகுதியை நீக்கச் சொல்லும் உரிமையும் அவர்களுக்கு இருந்தது. அமைச்சர்கள் அதன் பின்னரே பார்த்தார்கள்.

இதற்காக ஃபோகோ வரை போகவேண்டியதுமில்லை. மட்டக்களப்பில் கூத்தென்றால் ஆட்டக்காரருக்குச் சட்டம் என்னும் பாட்டு ஏட்டைக் கொடுத்து, சதங்கை அணிந்து, ஊர்முன் முழு ஒத்திகையாக அடுக்குப் பார்த்த பிறகே அரங்கேறும். ஆட்டக்காரரின் கால் எங்கே தப்பியது என்பதை கூத்துப் பழக்கும் அண்ணாவியார் சொல்லுமுன் ஊர்க்கிழவிகள் சொல்லிவிடுவார்கள். ஆவணப்படத்தின் முதல் தொகுப்பையும் அவ்வாறே ஊர்முன் வைக்கவேண்டும் என்பதே என் வாதம்.

எங்கள் மண்ணில் இது மரியாதை மட்டுமன்று, பாதுகாப்பும்கூட. ஊடகவியலாளர் ஐயாத்துரை நடேசன் 2004 மே 31இல் மட்டக்களப்பு நகரில் சுட்டுக்கொல்லப்பட்டார். மட்டக்களப்பில் பிறந்த ஊடகவியலாளர் தராக்கி சிவராம் 2005 ஏப்ரலில் கொழும்பில் கடத்திக் கொல்லப்பட்டார். பெயர்பெற்ற ஊடகவியலாளருக்கே இந்தக் கதியென்றால், முகமும் வீட்டு வாசலும் தெரியச் சாட்சி சொல்லும் பெண்ணுக்குப் படம் வெளிவந்த பின் யார் துணை? படப்பிடிப்பன்று வாங்கும் கையொப்பம் போதாது. தன் முகத்தைத் திரையில் பார்த்த பின்னர் அவள் தருவதே சம்மதம்.

இதில் ஒரு சிக்கலும் உண்டு: ஊர் என்றால் யார்? கோயிலை நிர்வகிக்கும் வண்ணக்கரும் சங்கத் தலைவரும் முன்வரிசையில் இருக்கையில், நுண்கடன் வசூலிக்க வருபவனைப் பற்றியோ குடித்துவிட்டு வரும் கணவனைப் பற்றியோ படத்தில் துணிந்து பேசியவளே "அதை வெட்டிவிடுங்கோ" என்பாள். அது அவளுடைய விருப்பமா, முன்வரிசையின் விருப்பமா என்று அந்தச் சபையில் அறியமுடியாது. ஆகவே அந்த இளைஞர்களிடம் நான் கேட்டுக்கொண்டது இதுதான்: பேசிய பெண்களுக்கு முதலில் ஒரு வீட்டு விறாந்தையில் மடிக்கணினியில் தனியாகக் காட்டுங்கள், அவர்கள் நீக்கச் சொன்னதை நீக்கிய பிறகு ஊருக்குக் காட்டுங்கள், ஊர் நீக்கச் சொல்வது அவர்களுடைய பேச்சாக இருந்தால் வெட்டுமுன் மறுபடியும் அவர்களிடமே போய்க் கேளுங்கள்.