பன்னிரண்டு மணி நேரம் பிசகிய கல்

மூன்று மாதமாக ஒரு கதையோடு மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறேன். அதில் ஒரு கல் வருகிறது. அதிர்கல் என்று பெயர் வைத்திருக்கிறேன். தன்னைச் சுற்றி எழும் ஒலியையெல்லாம் உள்வாங்கிக்கொள்ளும்; அதற்கே உரிய சுருதியில் ஒரு கம்பியை மீட்டினால் ஒத்ததிர்ந்து பழைய ஒலியைத் திருப்பிக் கொடுக்கும். முதல் வரைவில் அது காயத்தை ஆற்றியது, கதவைத் திறந்தது, நாயகியைக் கடந்த காலத்துக்கே கூட்டிக்கொண்டும் போனது. படித்துவிட்டு அக்கா மகள் கேட்டாள்: "மாமா, இந்தக் கல்லுக்கு வராத வேலைன்னு எதாவது இருக்கா?"

சுருக்கென்றது. அவள் கேட்டதும் சரிதான்.

அன்றிரவு ஓடாமல் கிடந்த கைக்கடிகாரம் ஒன்றைத் திறந்தேன். பேட்டரிக்குப் பக்கத்தில், ஒடித்த தீக்குச்சித் துண்டு போல ஒரு குட்டி உலோக உருளை. அதற்குள்தான் குவார்ட்ஸ் படிகம், இசைக்கவை (tuning fork, சுருதி பார்க்கத் தட்டும் இரு கிளைக் கவை) வடிவில் வெட்டப்பட்டு உட்கார்ந்திருக்கிறது. குவார்ட்ஸை அழுத்தினால் மின்னூட்டம் பிறக்கும் என்று கியூரி சகோதரர்கள் 1880இல் கண்டார்கள். மின்சாரம் கொடுத்தால் அதிரும் என்பது அதன் மறுபக்கம். கடிகாரப் படிகம் விநாடிக்கு 32,768 முறை அதிர்கிறது. அதைப் பதினைந்து தடவை பாதியாக்கிக்கொண்டே போனால் 1 வரும். விநாடி முள் ஒரு படி நகரும். அதாவது, படிகத்துக்கு நேரம் தெரியாது. அது பாட்டுக்கு அதிர்கிறது, பக்கத்தில் இருக்கும் மின்சுற்று எண்ணுகிறது.

('கால படிகம்' என்று ஒன்றை 2012இல் இயற்பியலாளர் ஃபிராங்க் வில்செக் முன்வைத்தார். பெயரைக் கேட்டதும் எனக்கு வாயூறியது. படித்துப் பார்த்தால் அது காலத்தைச் சேமிக்கிற சமாசாரமே இல்லை.)

கதைக்குத் தீனி போட்டது வேறொன்று. இந்த இசைக்கவைப் படிகம் 25 டிகிரி செல்சியஸை ஒட்டித்தான் ஒழுங்காக ஓடும். சூடானாலும் மெதுவாகும், குளிர்ந்தாலும் மெதுவாகும். 10 டிகிரி விலகினால் ஒரு நாளைக்குச் சுமார் 0.3 விநாடி பின்தங்கும். 20 டிகிரி விலகினால் அது இரட்டிப்பதில்லை, நான்கு மடங்காகிறது: 1.2 விநாடி.

உடனே என் அதிர்கல்லுக்கும் இதே குணத்தைக் கொடுத்தேன். குகைக்குள் 5 டிகிரி குளிரில் நூறு வருடம் கிடந்த கல். நாயகி, கல் 25 டிகிரியில் அதிரும் வேகத்தை வைத்துக் கணக்குப் போட்டு, அதிர்வுகளைப் பின்னோக்கி எண்ணிக்கொண்டு போகிறாள். நூறு வருடத்துக்கு முந்தைய ஒரு நண்பகலில் கொள்ளுப்பாட்டி அங்கே உட்கார்ந்து பாடியதைக் கேட்க வேண்டும் அவளுக்கு. கல் மெதுவாக அதிர்ந்திருப்பதால் கணக்கு அந்த நண்பகலைத் தாண்டிப் பின்னால் போய்விடுகிறது. கால்குலேட்டரில் போட்டுப் பார்த்தேன்: கிட்டத்தட்ட 12 மணி நேரம். போய் விழுவது முந்தைய நள்ளிரவில். பாட்டு இல்லை. யாரோ தூங்கும் மூச்சுச் சத்தம், இடையே ஒரு இருமல்.

அந்த இருமலை எழுதி முடித்ததும் எனக்கே என்னவோ செய்தது. பெருமையோடு அக்கா மகளுக்கு அனுப்பினேன். ஐந்து நிமிடத்தில் பதில் வந்தது: "பன்னிரண்டு மணி நேரம் சும்மா உக்காந்து கேட்டுக்கிட்டே இருந்தா பாட்டு வந்துடுமே மாமா?"

எனக்கு இது தோன்றவே இல்லை. இப்போது நாயகி குகையில் காத்திருக்கிறாள். நான்காவது மணி நேரம் எழுதிக்கொண்டிருக்கிறேன். கொள்ளுப்பாட்டி இன்னும் எழுந்திருக்கவில்லை.