தங்கமீனுக்குக் கல்லுப்பு வைத்தியம்

அஞ்சு நாளைக்கு முன்னாடி காலையில பார்த்தா, எங்க தங்கமீனுக்கு வால் கிழிஞ்சு, விலாவுல ரெண்டு செதிலைக் காணோம். தொட்டிக்குள்ள வச்சிருந்த பிளாஸ்டிக் கோட்டை வாசல்ல சிக்கியிருக்கு. வடசேரியில ஆசையா வாங்குன கோட்டை. இப்போ குப்பையில.

அம்மை மஞ்சப்பொடியோட வந்து நின்னா. "மனுசருக்கு ஆவும்னா மீனுக்கு ஆவாதா மக்கா?" அவளைச் சமாளிச்சதுதான் பெரிய வைத்தியம்.

நான் செஞ்சது இவ்வளவுதான். 20 லிட்டர் தொட்டித் தண்ணியைத் தனி டப்புல எடுத்து, காத்துக் குழாய் போட்டு, மீனை அதுல விட்டேன். புத்தளம் உப்பளத்துக் கல்லுப்பு 40 கிராம், குவளையில கரைச்சு கொஞ்சம் கொஞ்சமா ஊத்துனேன். நன்னீர் மீனோட ரத்தத்துல உப்பு வெளித்தண்ணியைவிட அதிகம். காயம் வழியா தண்ணி உள்ள ஏறும், உப்பு வெளிய போவும். தண்ணியில உப்பு இருந்தா மீனுக்கு அந்தப் பாடு குறையும். (கோரிடோராஸ்ங்குற சின்னக் கெளுத்தி மீன் வச்சிருக்கவங்க கவனம், அதுக்கு உப்பு அவ்வளவா ஆவாதுன்னு சொல்லுவாங்க.)

தினம் மூணுல ஒரு பங்கு தண்ணி மாத்துனேன். மாத்துன தண்ணிக்கு மட்டும் அதே கணக்குல, லிட்டருக்கு 2 கிராம் உப்பு. பைப்புத் தண்ணியில குளோரின் இருக்கும், ஒரு நாள் திறந்து வச்சுத்தான் ஊத்தணும். பஞ்சு மாதிரி பூஞ்சை வந்தா மெத்திலீன் ப்ளூங்குற நீல மருந்து ஊத்தலாம்னு நினைச்சிருந்தேன். அதுவும் டப்புலதான், தொட்டியில ஊத்துனா ஃபில்டர்ல உள்ள நல்ல பாக்டீரியாவும் செத்துப்போவும். நல்லவேளை, தேவைப்படல.

இன்னைக்குத் தீனி எடுத்துச்சு. கிழிஞ்ச ஓரத்துல கண்ணாடி மாதிரி மெல்லிசா வளருது. அம்மை இன்னும் மஞ்சளை உள்ள வைக்கல.