அங்கணமும் மோர்மிளகாயும்

திருநெல்வேலிப் பக்கம் பழைய வீடுகளில் அடுக்களையின் ஒரு மூலையில் தரை கொஞ்சம் தாழ்ந்திருக்கும். சுற்றிலும் சாண் உயரத்துக்குத் திண்டு. சுவரடியில் தண்ணீர் போக ஓர் ஓட்டை. எலி ஏறி வராதபடி அந்த ஓட்டையில் துளை போட்ட சிரட்டையைச் செருகியிருப்பார்கள். பாத்திரம் விளக்குவது, அரிசி களைவது, கை கழுவுவது எல்லாம் அங்கேதான். அதற்குப் பெயர் அங்கணம். சிங்க் வந்த பிறகும் அம்மாவுக்கு அது அங்கணம்தான்.

அத்தானுக்குச் சென்னை. மறுவீட்டுக்கு வந்தவர் எங்கள் ஊர்ப் பேச்சில் அன்றைக்கே தேறிவிடும் வேகத்தில் இருந்தார். 'இங்கன' என்றால் இங்கே, 'அங்கன' என்றால் அங்கே. அதுவரை பாடம் ஒழுங்காகத்தான் போனது. சாப்பிட்டு எழுந்ததும் அம்மா, "அங்கணத்துல கைய களுவிக்கிடுங்க மாப்ள" என்றாள். கையிலிருந்த கரண்டி என்னவோ முற்றத்தைக் காட்டியது. அத்தான் காதில் 'அங்கன' மட்டும் விழுந்தது. செம்பைத் தூக்கிக்கொண்டு முற்றத்துக்குப் போனார், நிதானமாகக் கை கழுவினார், வாயும் கொப்பளித்தார். அங்கே ஓலைப்பாயில் மோர்மிளகாய் காய்ந்துகொண்டிருந்தது. பாயின் ஓரத்தில்தான் பட்டது என்று இன்றும் சாதிக்கிறார்.

புது மாப்பிள்ளையை யார் கேட்பது? "மழைன்னு நெனச்சுக்கிடுதேன்" என்றாள் அம்மா, சித்திரை வெயிலில்.

அக்காதான் விடவில்லை. இது வள்ளுவர் காலத்துச் சொல்லாக்கும் என்று 720ஆம் குறளை எடுத்து நீட்டினாள். 'அங்கணத்துள் உக்க அமிழ்தற்றால்' என்று தொடங்குமே, அது. நம் கூட்டம் அல்லாதவர்கள் முன்னால் பேசுவது அங்கணத்தில் கொட்டிய அமிழ்தம் போல வீண். எங்களுக்கெல்லாம் ஒரே பெருமை. அத்தான் சத்தமில்லாமல் உரையைப் புரட்டினார். பரிமேலழகர் அங்கே சொல்வது தூயதல்லாத முற்றம். மு.வ. உரையிலும் முற்றமேதான். வடமொழியிலும் அங்கணம் என்றால் முற்றம்; இந்தியில் 'ஆங்கன்' என்பதும் அதுவே.

"அப்போ நான் அங்கணத்துலதானே கழுவினேன்?"

அகராதியில் சலதாரை, அதாவது கழிவுநீர் போகும் வழி, என்ற பொருளும் இருக்கிறது என்று நாங்கள் எவ்வளவோ வாதாடினோம். பரிமேலழகரே பக்கத்தில் நிற்கும்போது மனிதர் மசிவாரா?

அம்மாவுக்கோ அந்த வழக்கெல்லாம் பொருட்டே இல்லை. கோபம் முழுக்க உரையாசிரியர் மேல்தான். "தூயதல்லாத முத்தமா? காலையிலதான தூத்துத் தெளிச்சேன்!"