மசியாளிக்குக் காப்பிரைட் வாங்கிய அனுபவம்

மசியாளிக்குக் காப்பிரைட் பதிவுச் சான்றிதழ் வந்துவிட்டது. பெரிய நிம்மதி. ஆனால் நடுவில் ஒரு ஏஜென்ட்டிடம் பணமும் பல மாதங்களும் போனதை நினைத்தால் எரிச்சல் இன்னும் அடங்கவில்லை. காமிக்ஸ் வரைகிறவர்கள், சொந்தமாக ஒரு உயிரினத்தை உருவாக்கி வைத்திருப்பவர்கள், இதைப் படித்துவிட்டு அப்புறம் யாரிடமாவது பணம் கட்டுங்கள்.

மசியாளியைத் தெரியாதவர்களுக்கு: என் காமிக்ஸ் உலகத்தில் ஓலைச்சுவடிகளுக்குள் வாழும் யாளி அது. எழுத்தாணியால் கீறிய எழுத்து கண்ணுக்குத் தெரிவதற்காக விளக்குக் கரியைத் தடவுவார்கள் இல்லையா, அந்தக் கரிக்கு உயிர் வந்தால் எப்படியிருக்கும் என்று யோசித்ததில் பிறந்தது. சிங்க உடல், துதிக்கை, ஆனால் எலும்பும் தோலும் கிடையாது, முழுக்க மசி. நடந்தால் காலடி எழுத்தாக விழும். யாராவது சுவடியைத் தப்பாகப் படித்தால் அதன் உடம்பில் அந்த இடம் வெளிறிப்போகும். கண்களுக்குப் பதில் சுவடியில் கயிறு கோக்கும் துளைகள்.

இதை அப்படியே எடுத்து மொபைல் கவரில் அச்சடித்து ஒருவர் ஆன்லைனில் விற்றுக்கொண்டிருந்தார். கேட்டதற்கு, "சர்டிஃபிகேட் இருக்கா?" என்றார். சட்டப்படி அது அவசியமே இல்லை. வரைந்த உடனேயே உரிமை வந்துவிடும், பதிவு கட்டாயம் இல்லை. ஆனாலும் 1957-ஆம் வருடக் காப்பிரைட் சட்டத்தின் 48-ஆம் பிரிவுப்படி பதிவேட்டில் இருக்கும் விவரம் முதல் நோக்கில், அதாவது யாராவது தவறென்று நிரூபிக்கும் வரை, சாட்சியமாக ஏற்கப்படும். அப்படி ஒரு தாளைக் காட்டினால்தான் இந்த மாதிரி ஆட்கள் இறங்கி வருகிறார்கள் என்பதால் பதிவு செய்துவிடலாம் என்று முடிவெடுத்தேன்.

ஏஜென்ட் அலுவலகத்தில் என்ன சொன்னார்கள் தெரியுமா? "மேடம், கேரக்டரே உங்க பேர்ல லாக் ஆயிடும். இனிமே யாரும் இங்க்ல ஒரு மிருகம் வரைய முடியாது." சுத்தப் பொய். மசியால் ஆன உயிரினம் என்ற எண்ணத்துக்கு யாரும் பட்டா போட முடியாது. 1978-ல் ஆர்.ஜி. ஆனந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொல்லியிருக்கிறது: கருவுக்கும் கற்பனைக்கும் காப்பிரைட் கிடையாது, அதை வெளிப்படுத்திய வடிவத்துக்குத்தான் உண்டு. யாளி எல்லோருடையது, மதுரை புது மண்டபத்துத் தூணில் நிற்பதை நான் எப்படி உரிமை கொண்டாட முடியும்? அந்தத் துளைக் கண்கள், ஓரக்கோடே இல்லாமல் உலர்ந்த தூரிகையின் கீறல்களாலேயே உருவாகும் அந்த உடம்பு, துதிக்கை நுனியில் சொட்டி எழுத்தாகும் மசி, இவற்றை நான் வரைந்திருக்கும் விதம்தான் என்னுடையது. அதனால் எந்தப் படத்தைப் பதிவுக்குக் கொடுக்கிறோம் என்பதுதான் இதில் முக்கியம். அதைத்தான் அந்த அலுவலகத்தில் கோட்டைவிட்டார்கள்.

மூல ஓவியத்தை நல்ல தரத்தில் ஸ்கேன் செய்து கொடுத்திருந்தேன். அவர்கள் அதை விட்டுவிட்டு, என் புத்தகத்தின் வண்ண அட்டையைக் கோப்பின் அளவைக் குறைப்பதற்காகப் பிழிந்து ஏற்றியிருக்கிறார்கள். தூரிகைக் கீறல் எல்லாம் ஒன்றோடொன்று ஒட்டி, மசியாளி ஒரு கறுப்புக் கறையாக ஆகிவிட்டது. நாளைக்கு ஒரு வழக்கு என்று வந்தால் ஒப்பிட்டுப் பார்ப்பது இந்தப் படத்தைத்தானே? கூடவே அட்டையில் லோகோ மாதிரி தலைப்பெழுத்து, மூலையில் வண்ணம் தீட்டிய தோழியின் பெயர்.

விண்ணப்பத்துக்கு அடையாளமான டைரி எண் வந்தது, யாராவது ஆட்சேபிக்கிறார்களா என்று பார்க்கும் 30 நாளும் போனது. அப்புறம் காப்பிரைட் அலுவலகத்திலிருந்து குறைபாட்டுக் கடிதம் வந்தது. இரண்டு கேள்விகள். ஒன்று, தோழியின் தடையில்லாச் சான்று எங்கே? இரண்டு, இது பொருட்கள், சேவைகள் தொடர்பாகப் பயன்படக்கூடிய ஓவியமா? அப்படியானால் 45-ஆம் பிரிவுப்படி, இதே மாதிரி டிரேட்மார்க் வேறு யார் பேரிலும் இல்லை என்று டிரேட்மார்க் பதிவாளர் தரும் சான்றிதழ் வேண்டும். பதிவுக் கட்டணமும் 500 இல்லை, 2000. டிரேட்மார்க் சான்றிதழுக்கு ஆயிரக்கணக்கில் தனிக் கட்டணம். அட்டையைப் பார்த்தால் யாருக்கும் பிராண்ட் லேபிள் என்றுதான் தோன்றும், கேட்டவர்கள் மேல் குறையே சொல்ல மாட்டேன். எனக்குக் கோபம் வந்தது ஏஜென்ட் சொன்ன பதிலில்தான்: "அதுக்குத் தனி பேக்கேஜ் மேடம்."

அந்த விண்ணப்பத்தை அப்படியே விட்டுவிட்டு, கட்டிய 500 போனால் போகட்டும் என்று நானே புதிதாகப் போட்டேன். காப்பிரைட் அலுவலகத் தளத்தில் படிவம் 14, அதோடு இரண்டு விவர அறிக்கைகள். கணக்கு தொடங்குவது, பணம் கட்டுவது எல்லாம் சாதாரணம்தான். டெல்லி போக வேண்டியதில்லை. இந்தத் தடவை வண்ணமும் எழுத்தும் இல்லாத என் கறுப்பு மசி மூலத்தை மட்டும் ஏற்றினேன். ஒரே தாளில் மசியாளி முன்புறம், பக்கவாட்டு, பாதி கரைந்த நிலை, வெளிறிய நிலை என்று வரைந்த தாள் அது. அளவைக் குறைக்கும்போது ஒவ்வொரு தடவையும் திரையில் பெரிதாக்கிக் கீறல்கள் பிரிந்து தெரிகிறதா என்று பார்த்தேன். இதைக் கட்டாயம் செய்யுங்கள். மசி ஓவியத்தில் கறுப்புக்கு நடுவே விடும் வெள்ளைதான் உயிர், முதலில் அடிபடுவதும் அதுதான்.

வண்ணமே இல்லாததால் தோழியின் சான்று தேவைப்படவில்லை. புத்தகத்துக்குள் வரும் சித்திரம் இது என்று நேராகவே எழுதினேன், டிரேட்மார்க் கேள்வியும் வரவில்லை. ஆனால் உங்கள் உயிரினத்தைக் கம்பெனிச் சின்னமாகவோ லேபிளாகவோ பயன்படுத்தப் போகிறீர்கள் என்றால் அந்தச் சான்றிதழை வாங்கித்தான் ஆக வேண்டும், மறைக்க வேண்டாம். பதிப்பாளர் வேறொருவர் என்றால் அவரிடமும் தடையில்லாச் சான்று முன்கூட்டியே வாங்கி வையுங்கள்.

பதிப்பாளர் ஒப்பந்தம் என்றதும் இன்னொன்றையும் சொல்ல வேண்டும். உரிமையை எழுத்து மூலமாக மட்டும்தான் மாற்றித் தர முடியும். எத்தனை வருடம் என்று ஒப்பந்தத்தில் போடாவிட்டால் ஐந்து வருடம் என்றும், எந்தப் பகுதிக்கு என்று போடாவிட்டால் இந்தியாவுக்கு மட்டும் என்றும் 19-ஆம் பிரிவு எடுத்துக்கொள்கிறது. "எல்லா உரிமையும் நிரந்தரமாக" என்று நீட்டும் தாளில் அவசரப்பட்டுக் கையெழுத்துப் போடாதீர்கள். உங்கள் உயிரினம் உங்களைவிட அதிக நாள் வாழும்: நீங்கள் இறந்த பிறகும் 60 வருடம் அந்த உரிமை உங்கள் வாரிசுகளுடையது.

மொபைல் கவர் விற்றவருக்குப் பதிவுச் சான்றின் நகலையும் மூல ஓவியத்தையும் சேர்த்து அனுப்பினேன். அன்று இரவே விற்பனைப் பக்கத்திலிருந்து தூக்கிவிட்டார். விற்ற கவர்களுக்கு என்ன தருவார் என்பது பற்றி இப்போது வக்கீல் மூலம் பேச்சு நடக்கிறது.